சலவைக்காரியின் நடை

"ஓடணும், கத்தணும், சேத்துல குப்புற விழணும். அவ்வளவுதான் உன் வேலை" என்றார் இயக்குநர் மேடாக்ஸ்.

துணிக்கூடையை இடுப்பில் இடுக்கியபடி பிரைடி ஹாலரன் தலையாட்டினாள். ஆட்டினாளே தவிர, மனசு ஒப்பவில்லை. அவளுடைய அம்மா லாஸ் ஏஞ்சலிஸ் பணக்கார வீடுகளுக்குத் துணி வெளுத்துத்தான் அவளை வளர்த்தாள். படம் வந்தால் தெருவே திரண்டு போகும். பெற்ற மகளே சலவைக்காரியாக விழுந்து புரண்டு ஊரைச் சிரிக்க வைப்பதா?

காட்சியில் அவள்மேல் சேற்றை வாரியடிக்கப்போகிற காருக்குச் சொந்தக்காரர் எல்ஸ்வொர்த் ப்ரூயிட், மேட்டு மாளிகைக்காரர். "நான்தான் ஓட்டுவேன். வழியெல்லாம் தொப்பியைத் தூக்கி வணக்கம் சொல்வேன். கார் பறக்கணும். சேத்துல ஒரே தடவைதான் இறக்குவேன்" என்று கறாராகச் சொல்லிவிட்டார்.

பறக்க வைப்பது பெரிய வித்தையில்லை. படம் பிடிக்கும்போது கேமராவின் கைப்பிடியை மெதுவாகச் சுற்றினால் போதும், ஊர்ந்து போகிற கார், ஆள் எல்லாமே திரையில் பிய்த்துக்கொண்டு போகும். ஸ்டுடியோவில் எல்லோருக்கும் இது தெரியும். ப்ரூயிட்டிடம் யாரும் சொல்லவில்லை. அவரும் கேட்டுத் தெரிந்துகொள்கிற ரகமில்லை.

கைப்பிடி மெதுவாகச் சுழன்றது. கார் வந்தது. பிரைடி ஓடவில்லை. தூக்கத்தில் நடப்பவள் போல அடிமேல் அடி வைத்தாள். சேறு தெறித்தபோது கூடையை மறைத்துத் திரும்பி முதுகைக் கொடுத்தாள். அதையும் அவசரப்படாமல்தான் செய்தாள்.

"கெடுத்துட்டியே! நாளையிலேருந்து இந்தப் பக்கமே வராத!" என்று கத்தினார் மேடாக்ஸ்.

"திரையில பாத்துட்டு அப்புறம் துரத்துங்க சார்."

வேறு வழியில்லாமல் அதையே படத்தில் சேர்த்தார்கள்.

கொட்டகையில் கூட்டம் நெரிந்தது. திரையில் கார் பறந்தது. கூடவே ப்ரூயிட்டின் கையும் தவிடு கொத்தும் கோழி மாதிரி தொப்பியோடு மேலும் கீழும் அடித்துக்கொண்டது. சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தது. அந்தக் கூத்துக்கு நடுவே, அன்று அடிமேல் அடி வைத்த ஒருத்தி மட்டும் இடுப்பில் கூடையோடு, சாதாரண மனுஷியின் நடையில், தலைநிமிர்ந்து போனாள். சிரிப்பு அடங்கியது. பின்வரிசையில் யாரோ கைதட்ட, கொட்டகையே தட்டியது.

"நாளைக்குச் சீக்கிரம் வந்துடும்மா" என்று பின்னாலிருந்து முணுமுணுத்தார் மேடாக்ஸ்.

பிரைடிக்குப் பெருமை பிடிபடவில்லை. ஆனாலும் அம்மாவின் முகத்தைத்தான் பார்த்தாள். அம்மா பக்கத்து வீட்டுக்காரியை முழங்கையால் இடித்துக்கொண்டிருந்தாள்.

"எம் பொண்ணுடி அது! கூடையைப் பாத்தியா? ஒரு துணியில சேறு பட்டுதா, சொல்லு!"