பிரிக்கேனா ஊரைவிட்டுப் போகும் காட்சி

1

இந்தக் கதை என் கற்பனையில் உதித்தது என்று பீற்றிக்கொள்ள ஆசைதான். உதிக்கவில்லை. அல்பேனியாவில், எல்பாசன் ஊரில், என் வீட்டு மாடியில் துணி காயப்போடும்போது கீழே நடந்ததைப் பார்த்தேன், மீதியைக் கேட்டறிந்தேன், அவ்வளவுதான்.

முதல் தொடக்கம்: 'மாறிவரும் அல்பேனியாவின் இளைஞர்கள் கனத்த இதயத்தோடு...'

(வேண்டாம். இது ஆவணப்படக்காரர் எழுதவேண்டிய வரி. எழுதியும்விட்டார்.)

2

ஆவணப்படம் எடுக்க வெளிநாட்டிலிருந்து வந்த அந்த இயக்குநருக்கு, ஊரைவிட்டுப் போகும் ஓர் இளம்பெண் தேவைப்பட்டாள். கிடைத்தவள் பிரிக்கேனா. வயது இருபது, மிமோசாவின் பியூட்டி பார்லரில் முடி வெட்டுகிறாள், எங்கும் போகிற உத்தேசமில்லை. அதைச் சொல்லவும் சொன்னாள். "சும்மா ரெண்டு நிமிஷம் நடிம்மா" என்று அவர் அவள் கையில் ஒரு காலிப் பெட்டியைக் கொடுத்துவிட்டார்.

எங்கள் தெருவில் பெட்டியோடு யார் படியிறங்கினாலும் ஏன் என்று கேட்பதில்லை. பாதித் தெரு அப்படித்தான் காலியானது. கீழ்வீட்டு ஹைரியே ஒரு சொம்புத் தண்ணீரோடு ஓடிவந்தாள். போகிறவர்களுக்கு வழி நல்லபடி அமைய ஊற்றுவதுபோல பிரிக்கேனாவின் பின்னால் ஊற்றிவிட்டு அழுதாள்.

"அடிப்பாவி, சொல்லாமக் கொள்ளாமப் போறியேடி!"

"ஐயோ அத்தை, நான் எங்கயும் போகல. படத்துக்கு!"

"எம் மவனும் ஒரு மாசத்துல வந்துடுவேன்னுதான் சொன்னான்."

இயக்குநருக்குச் சந்தோஷத்தில் தலைகால் புரியவில்லை. இன்னும் இரண்டு முறை எடுத்தார். ஹைரியேயும் சலிக்காமல் ஊற்றினாள். (அழுகை மூன்றாம் முறைதான் நன்றாக வந்தது. நான் சாட்சி.)

3

மதியம் பிரிக்கேனா பார்லருக்குப் போனால், அவள் இடத்தில் வேறொருத்தி கத்தரியோடு நிற்கிறாள்.

"நீ ஜெர்மனிக்குப் போயிட்டியாமே!" என்றாள் மிமோசா. "என் நாத்தனார் மகள வரச்சொல்லிட்டேன்."

"அக்கா, நான் தெருமுனை வரைக்கும்தான் போனேன்!"

"மூணு சொம்பு தண்ணி ஊத்தியிருக்கா ஹைரியே. தெருமுனைக்கா அவ்வளவு?"

4

ஒரு முடிவு: அவள் நிஜமாகவே பஸ் ஏறுகிறாள். இயக்குநருக்குப் பிடிக்கும்.

இன்னொன்று: மிமோசா மனமிரங்குகிறாள். (மிமோசாவைத் தெரிந்த யாரும் நம்பமாட்டார்கள்.)

அல்லது: 'அன்று மாலை கடைத்தெருவில் உலாத்தும் கூட்டத்தில் அவள் தலை நிமிர்ந்து...'

இதுவரை எழுதியதைப் பிரிக்கேனாவிடமே படித்துக் காட்டினேன்.

"அந்தாளு என்னைய ஊரைவிட்டு அனுப்புனதோட விட்டாரு. நீங்க அனுப்பிட்டு, திருப்பிக் கூட்டிட்டு வந்து, உலாத்தவும் விடுறீங்க. நாளைக்குக் காலையில நான் எங்க வேலைக்குப் போவேன்னு யாராச்சும் கேட்டீங்களா?"

எனக்குக் கோபம் வந்தது. நியாயத்தைக் கேட்டால் வருகிற கோபம்.

ஆகவே முடிவை நான் எழுதப்போவதில்லை. பிரிக்கேனா முடி வெட்ட என் சமையலறையில் மேசையை ஓரமாகத் தள்ளி, கண்ணாடி மாட்டியாயிற்று. வாசகரே, உங்களுக்கு முடி வளர்ந்திருந்தால் வாருங்கள். எத்தனை பேர் வருகிறீர்கள் என்று பார்த்து, ஊரைவிட்டுப் போவதா இருப்பதா என்பதை அவளே சொல்வாள்.