ஈவாந்தியா திறவாத கதவு

கார்முகில் இமித்தோஸ் மலைமுகட்டில் படிய, மென்தூறல் பளிங்குப் படிகளை நனைக்க, எள் தூவிய வளையப்பத்தின் மணம் தெருவெங்கும் பரவ, நவம்பர் பதினேழாம் நாள் ஏதென்ஸ் நகரில் புலர்ந்தது. படைத்தலைவரின் கொடுங்கோலாட்சியை எதிர்த்து மாணவர் கிளர்ந்தெழ, படைவண்டி கல்லூரியின் இரும்புவாயிலைத் தகர்த்துப் புகுந்து ஐம்பது ஆண்டுகள் ஆயின. வளைந்து கிடக்கும் அவ்வாயிலின்மேல் ஊரார் ஆண்டுதோறும் செம்மலர் இடுவர். கற்றறிந்த வாசகரே, அவ்விரவில் தாம் உள்ளே இருந்ததாகச் சொல்லாத முதியவர் இந்நகரில் அரியர். அடியேனும் ஒருமுறை சொன்னதுண்டு.

மலரேந்தி வரிசையில் நின்ற ஈவாந்தியாவும் கல்லிரோயியும் மாணவப் பருவம் தொட்டே தோழியர். அக்கிளர்ச்சி இரவில் படைஞரின் தடியால் முழங்கால் முறிந்த கல்லிரோயியால் குனிய இயலாது. அவள் மலரையும் ஈவாந்தியாவே இடுவாள். ஆயினும் ஈவாந்தியா அன்று மாலையே கல்லூரியை நீங்கி வீடு சேர்ந்தவள். அடிபட்டு நொண்டியபடி வந்த கல்லிரோயி கதவைத் தட்டிக் கதறியதைக் கேட்டும், அச்சத்தால் தாழ் நீக்காது நின்றவள். விடியும்வரை தானும் கல்லூரிக்குள் இருந்ததாகவும், வீட்டில் எவரும் இல்லையென்றும் மறுநாள் சொன்ன பொய்யை இன்றுவரை காத்துவந்தாள்.

மலர் விற்பவன் சிரித்தான். "அன்னைக்கு உள்ள இருந்தேன்னு சொல்றவங்க எல்லாம் நெசமாவே இருந்திருந்தா, டாங்கியே வேணாம்மா. நெரிசல்லயே கேட்டு ஒடைஞ்சிருக்கும்."

கல்லிரோயி நகைத்தாள். ஈவாந்தியாவுக்கோ நெஞ்சு பொறுக்கவில்லை.

"கல்லி, நான் உள்ள இல்லடி. வீட்லதான் இருந்தேன். நீ தட்டினப்போ கதவுக்குப் பின்னாலயே நின்னேன்."

கல்லிரோயி ஊன்றுகோலை மாற்றிப் பிடித்தாள். "தெரியும்டி. கதவுக்கு அடியில வெளிச்சம் வந்துச்சு. அதுல உன் ரெண்டு கால் நிழல்."

"தெரிஞ்சுமா இத்தனை வருஷம் என்கூட வந்தே?"

"ஒவ்வொரு வருஷமும், இந்த வருஷமாவது நீ சொல்லுவேன்னுதான் வந்தேன். அப்பவே சொல்லியிருந்தா ரெண்டு நாள் திட்டித் தீர்த்திருப்பேன். இப்ப திட்டக்கூட தெம்பில்ல, போ."

என்றவள் தன் மலரை நீட்டினாள். ஈவாந்தியா குனிந்து இரு மலரையும் இட்டாள்; நெடுநேரம் நிமிரவில்லை.

படைவண்டி மோதிய இரும்புவாயில் நொடிப்பொழுதில் வீழ்ந்தது. அச்சத்தால் தாழிட்ட ஒரு மரக்கதவு திறக்கவோ ஐம்பது ஆண்டுகள் ஆயின; திறந்தபோது வாசலில் நின்றவள் முதுமை எய்தியிருந்தாள்.