அடி வாங்கியவன் சாட்சி

மூன்று வருடத்துக்கு முன்பு, மரக்காணம் உப்பளத்தில் பாத்திக்குத் தண்ணீர் திருப்புவதில் அப்பாவு என்பவருக்கும் அவர் தம்பி ராஜாங்கத்துக்கும் சண்டை வந்தது. ராஜாங்கம் உப்பு வாரும் பலகையால் அண்ணன் தலையில் ஓங்கி அடித்தான். மண்டை ஓட்டில் விரிசல், பதினோரு தையல். போலீஸ் கொலை முயற்சி என்று வழக்குப் போட்டது.

ஜாமீனில் வந்த ராஜாங்கம் ஒரு நாள் வீடு தேடி வந்து அண்ணன் காலில் விழுந்தான். அப்பாவு அவனைத் தூக்கி நிறுத்திச் சோறு போடச் சொன்னார். விஷயம் அதோடு முடிந்துவிட்டது என்றுதான் இரண்டு பேரும் நினைத்தார்கள்.

வழக்கை ரத்து செய்யக் கேட்டு இருவரும் சேர்ந்தே உயர் நீதிமன்றம் போனார்கள். பஸ்ஸில் ஒரே சீட்டில் உட்கார்ந்து சென்னை வந்திருந்தார்கள். நீதிபதி இருவரையும் பார்த்தார், மருத்துவ அறிக்கையைப் படித்தார், மனுவைத் தள்ளுபடி செய்தார்.

வராந்தாவில் அவர்களுடைய வக்கீல் கிருபா விளக்கினாள்.

"ரத்து பண்ற அதிகாரம் ஹைகோர்ட்டுக்கு இருக்குது. ஆனா கொலை முயற்சி கேஸு, தலையில ஆயுதத்தால அடின்னா, சமாதானமாயிட்டோம்னு சொன்னதுக்காக மட்டும் ரத்து பண்ண மாட்டாங்க. யார் சொல்றது உண்மைன்னு எடை போடறதும் இப்ப அவங்க வேலையில்ல. அது திண்டிவனம் கோர்ட்டு வேலை."

"அடி வாங்குனது நான்தானேமா? நானே வேணாங்கறேன்."

"கேஸ் நடத்துறது அரசாங்கம், ஐயா. நீங்க அதுல ஒரு சாட்சி."

அப்பாவுக்குத் தலைத் தழும்பு குறுகுறுத்தது. அது தன்னுடையது இல்லை போலிருந்தது.

சாட்சி சொல்லும் நாளுக்கு முன்தினம் ராஜாங்கத்தின் மனைவி யுவராணி வந்தாள்.

"மாமா, பாத்தியில வழுக்கி விழுந்துட்டேன்னு சொல்லிடுங்க. ஒரு வார்த்தைதான். அவருக்கு விடுதலை ஆயிடும்."

"சரி" என்றார் அப்பாவு.

அப்படிச் சொல்லத்தான் மறுநாள் கூண்டில் ஏறினார். அரசு வக்கீல் ஆஸ்பத்திரிச் சீட்டை நீட்டினார். 'தம்பி பலகையால் அடித்தான்' என்று அப்பாவு அன்று டாக்டரிடம் சொன்னது அதில் இருந்தது.

"இது பொய்யா?"

எதிரே ராஜாங்கம் தலை குனிந்து நின்றிருந்தான். விழுந்தேன் என்ற சொல் அப்பாவு வாயில் வரவில்லை.

"பொய்யில்லைங்க. அடிச்சான். ஆனா மொதல்ல மம்மட்டிய ஓங்குனது நான். அத போலீஸ்ல சொல்லல."

யுவராணி எழுந்து வெளியே போய்விட்டாள்.

கொல்லும் எண்ணம் நிரூபிக்கப்படவில்லை என்றது தீர்ப்பு. ஆனால் ஆயுதத்தால் கொடுங்காயம் ஏற்படுத்திய குற்றம் உண்டு, ஓராண்டு சிறை.

"அப்பீல் போடலாம். அப்பீல்ல சாட்சி மொத்தத்தையும் ஹைகோர்ட்டு பார்க்கும்" என்றாள் கிருபா.

ராஜாங்கம் தலையாட்டி மறுத்தான். "வேணாம்மா. மறுபடியும் மெட்ராஸு, மறுபடியும் வாய்தா. எத்தன வருசம் ஆகும்? உள்ள போயிட்டு வந்துடறேன்."

"டேய், நான் உன்னை மாட்டி வுட்டுட்டேன்டா" என்றார் அப்பாவு.

"நீ எங்கண்ணா மாட்டி வுட்ட? அடிச்சது நான்தான்."

மாதத்துக்கு ஒரு தடவை கடலூர் சிறைக்கு அப்பாவு, யுவராணி இருவரும் ஒரே பஸ்ஸில் போகிறார்கள். அவள் டிரைவருக்குப் பின்னால் உட்காருவாள், அவர் கடைசி சீட்டில். இறங்கும்போது அவள் கையிலுள்ள பையை வாங்கிக்கொள்ள அவர் கை நீட்டுவார். அவள் கொடுப்பதில்லை.