செந்நாய் வந்த மத்தியானம்

சித்தேரியில் பஸ்ஸை விட்டு இறங்கி, ஓடையைத் தாண்டி வெகுதூரம் நடந்தால்தான் மாதேஷின் ஆட்டுப்பட்டி வரும். அக்கம்பக்கத்தில் வேறு வீடு கிடையாது. பாப்பாரப்பட்டிக் கடைவீதியில் வளர்ந்த சுகுணா மாதேஷைக் கட்டிக்கொண்டு வந்தது அங்கேதான்.

பட்டியை ஆண்டது மாதேஷின் அக்கா ராமக்காள். புருஷன் செத்ததும் தாய்வீடு திரும்பி, சில நோஞ்சான் ஆடுகளிலிருந்து இத்தனை பெரிய மந்தையை உண்டாக்கியவள். சுகுணாவை ஆடுகளின் பக்கமே அவள் அண்டவிடவில்லை.

"உன்னப் பாத்தா ஆடு மிரளுது. நீ வூட்டு வேலையப் பாரு."

"எனக்கும் பழக்கி வுடுங்க அண்ணி."

"டவுன் புள்ள நீ. நாளைக்கே மூட்டை கட்டிடுவ. பழக்கி என்ன ஆவப்போவுது?"

மாதேஷ் தலையைக் குனிந்து சாப்பிட்டுக்கொண்டிருந்தான். அந்தப் பேச்சைவிட அவனுடைய மௌனம்தான் சுகுணாவுக்கு வலித்தது.

ஆனி மாதத்தில் ஒரு நாள் மாதேஷ் தீவனம் வாங்க அரூருக்குப் போயிருந்தான். ராமக்காளுக்குக் களி எடுத்துக்கொண்டு மேய்ச்சல் காட்டுக்குப் போன சுகுணாவுக்குத் தூரத்திலேயே ஆடுகளின் அலறல் கேட்டது. செந்நாய்க் கூட்டம். விரட்ட ஓடிய ராமக்காள் பாறையில் வழுக்கி விழுந்து, கால் பிசகி எழ முடியாமல் கிடந்தாள்.

"கிட்ட வராத! ஓடிடு புள்ள!"

சுகுணா ஓடவில்லை. கீழே கிடந்த தடியை எடுத்து, நாய்களுக்கும் ஆடுகளுக்கும் நடுவில் போய் நின்றாள். கண்ணில் நீர் வழிந்தது. தொண்டை கிழியக் கத்தினாள், கையில் கிடைத்த கல்லையெல்லாம் எறிந்தாள். ஒரு குட்டியைக் கவ்விக்கொண்டு நாய்கள் புதருக்குள் பின்வாங்கின. மற்ற ஆடுகள் தப்பின. ராமக்காளைத் தோளில் தாங்கியபடி மந்தையையும் ஓட்டிக்கொண்டு அவள் வீடு வந்து சேர்ந்தாள்.

மறுநாள், ராமக்காளின் பிசகிய காலைப் பார்த்து விசாரிக்க வந்த உறவுக்காரர் மாது சிரித்தார். "டவுன் மருமவ அழுதிருக்குமே?"

"அழுதா," என்றாள் ராமக்காள். "அழுதுக்கிட்டே எதுத்து நின்னா. நானா இருந்தாக்கூட அப்படி நின்னிருப்பனான்னு தெரியல. எங்க வூட்டுப் பொண்ணு அவ. ஊர்ல போயி சொல்லுங்க."

உள்ளே அடுப்படியில் இருந்த சுகுணாவுக்குக் கண் நிறைந்தது.

"சுகுணா! ஆடு பசியில கத்துது பாரு. நீயே மேய்ச்சலுக்கு ஓட்டிக்கிட்டுப் போ. என் தம்பியையும் கூட்டிக்கிட்டுப் போ, எதுத்து நிக்கறதுன்னா என்னன்னு உன்னப் பாத்துக் கத்துக்கட்டும்."

அரூரிலிருந்து ராத்திரியே திரும்பியிருந்த மாதேஷ் செருப்பை மாட்டிக்கொண்டு எழுந்தான். மந்தையின் பின்னே சுகுணா நிமிர்ந்து நடந்தாள்.