மேபல் ஓட்டிய கிரேன்

இரண்டாம் உலகப் போர் முடிந்த அந்த ஆகஸ்டில், இங்கிலாந்தின் ஷெஃபீல்டு உருக்காலை மேற்பார்வையாளர் ஹாரப் மேபலைக் கூப்பிட்டார். கிரேன் ஓட்டிய பழைய ஆள் கிளிஃபர்ட் பட்டாளத்திலிருந்து திரும்பிவிட்டான், ஒரு வாரம் அவனோடு இருந்து வேலையை ஒப்படைத்துவிட்டு நின்றுகொள் என்றார்.

நான்கு வருஷமாக ஐம்பதடி உயரக் கூண்டில் உட்கார்ந்து, உருகிய எஃகு நிரம்பிய ராட்சத வாளியை நகர்த்தியவள் மேபல். பொம்பளை தூக்கினால் கீழே நிற்க மாட்டோம் என்று முதலில் முரண்டுபிடித்தவர்கள்தான், பிறகு அவள் ஷிப்டு என்றால் நிம்மதியாக நின்றார்கள்.

திங்கட்கிழமை மேபல் பக்கத்தில் நிற்க, கிளிஃபர்ட் கூண்டில் உட்கார்ந்தான். உலை திறந்து வெளிச்சம் பாய்ந்ததும் பிடியை விட்டுவிட்டுக் காதைப் பொத்திக்கொண்டு கூண்டுத் தரையில் சுருண்டான். ஆட்களின் தலைக்கு மேல் வாளி ஆடியது. மேபல் பாய்ந்து பிடியைப் பற்றி, மெல்ல ஆட்டத்தை அடக்கி இறக்கினாள்.

"டாங்கி பத்திக்கிச்சு. நாலு பேர்ல நான் மட்டுந்தான் வெளிய வந்தேன்" என்றான் அவன், சுவரைப் பார்த்தபடி. "ஹாரப்கிட்ட சொல்லிடு மேபல். உன் வேலையாவது மிஞ்சும்."

சொல்லத்தான் நினைத்தாள். ஏணியில் இறங்கும்போதும் அந்த நினைப்புதான். ஆனால் ஹாரப் முன்னால் நின்றபோது, ஒரு வாரம் போதாது, ஒரு மாசம் வேண்டும் என்றுதான் வாயில் வந்தது.

"போக மனசு வரலையாக்கும்?" என்று சிரித்தபடி ஒத்துக்கொண்டார் அவர். அப்படியே நினைத்துக்கொள்ளட்டும் என்று விட்டுவிட்டாள்.

முதல் வாரம் அவன் நெருப்புக்கு முதுகு காட்டி உட்கார்ந்திருந்தான். அப்புறம் அவள் கைமேல் கை வைத்து ஓட்டினான். நாலாவது வாரக் கடைசியில் தனியாகத் தூக்கினான். மேபல் கீழே ஆண்களோடு நின்று அண்ணாந்து பார்த்தாள். பெருமையாகவும் இருந்தது, வயிறும் எரிந்தது.

பிறகு ஒரு சலவைக்கூடத்தில் சேர்ந்தாள். ஈர வாடையும் வேலையும் பிடிக்கவில்லை.

குளிர்காலத்தில் நடந்த தொழிற்சங்கக் கூட்டத்தில் கிளிஃபர்ட் எழுந்து, கூண்டில் தான் சுருண்டது முதல் எல்லாவற்றையும் சொன்னானாம். அடுத்த கிரேன் காலியானால் அது மேபலுக்கு என்றானாம். சிலர் சிரித்தார்கள். அவன் உட்காரவில்லை.

வசந்தத்தில் ஹாரப் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு அவள் வாசலுக்கே வந்தார், ஒரு கிரேன் காலியாகியிருக்கிறது, வா என்று.

"ஆம்பளைக்குக் குடுக்குற அதே கூலியா?" என்று கேட்டாள்.

மேலே கேட்டுச் சொல்வதாக அவர் முனகினார்.

"கேட்டுட்டே வாங்க" என்று கதவைச் சாத்தினாள் மேபல். மூன்றாம் நாள் அவர் திரும்பி வந்தார், ஒத்துக்கொண்டார்கள் என்ற பதிலோடு.