கருமலையானின் குரல்

ஞாயிற்றுக்கிழமை மதியச் சாப்பாட்டுக்குப் பின் சாமிவீட்டுச் சமையலறையில் நான்கு பேர் இருந்தார்கள். ஜன்னலோரப் பிரம்பு நாற்காலியில், வீங்கிய கால்களை உப்புத் தண்ணீரில் வைத்தபடி, தலைவி சுல்மிரா அம்மா. பின்வாசல் படியில் முரசடிக்கும் அதெனோர். அடுப்படிப் பலகையில் மொச்சை உரித்துக்கொண்டு இராசி. மேஜையருகே முக்காலியின் நுனியில், எந்நேரமும் எழுந்துவிடுபவளைப் போல, தெலிசி. மேஜை மேல் ஒரு கடிதமும் ஒரு கேசட்டும் இராசி கொண்டுவந்த டேப் ரெக்கார்டரும் இருந்தன.

கடிதம் மெரில் எழுதியது. தன் நாடான ஆஸ்திரேலியாவில் பூர்வகுடிகளின் மொழிகளை ஆராய்பவள். போன வருஷம் முழுக்க பிரேசிலில், இந்தக் கஷோய்ரா ஊரில், தெலிசி வீட்டில்தான் தங்கியிருந்தாள். தெலிசி மேல் இறங்கும் கருமலையான் என்ற காட்டு முன்னோர் பேசியதையும் பாடியதையும் பதிவு செய்துகொண்டு போனாள். அதில் ஒரு பாட்டின் சொற்கள் யாருக்கும் விளங்கவில்லை. மலைப்பக்கத்தில் அழிந்துபோன ஒரு பழங்குடி மொழியாக இருக்கலாமாம். தெலிசியின் அம்மா அந்தப் பக்கத்துக்காரி. அம்மா வாயில் இந்தச் சொற்கள் வந்ததுண்டா, கூட அனுப்பிய கேசட்டை ஒரு தடவை கேட்டுவிட்டுச் சொல் என்று எழுதியிருந்தாள்.

"ஒரு வருஷம் இங்க சாப்பிட்டாளே, இது தெரியலையா அவளுக்கு?" என்றாள் சுல்மிரா அம்மா. "யார் மேல இறங்குறாரோ, அவ அவரைப் பார்க்கவும் கூடாது, கேக்கவும் கூடாது."

அதெனோருக்குச் சிரிப்பு முட்டியது. "அம்மா, அன்னிக்கு அவர் என் புது சட்டையைப் பார்த்துச் சொன்னாரே, அதை மட்டுமாவது இவளுக்கு..."

"வாயை மூடுடா."

இராசி மொச்சை சிதறச் சிரித்தாள். சுல்மிரா அம்மாவின் தோளும் குலுங்கியது. எதற்கென்று தெரியாமலே தெலிசியும் சிரித்துவைத்தாள்.

"ஆசையா இருக்கும்மா," என்றாள் பிறகு.

"சொல்றதைச் சொல்லிட்டேன். தலை உன்னோடது, காது உன்னோடது."

இருபத்திரண்டு வருஷமாக அவர் வருகிறார். ஊரில் எல்லோருக்கும் அவரைத் தெரியும். தெலிசிக்குத் தெரிந்ததெல்லாம் கண்விழிக்கும்போது கரகரக்கும் தொண்டையும், சுருட்டே பிடிக்காத தன் வாயில் புகையிலைக் கசப்பும்தான். ஆலையில் நாள்தோறும் சுருட்டு சுற்றுகிறாள். நல்ல இலையாகப் பார்த்து அவருக்கென்று ஒன்றிரண்டு எடுத்துவைப்பாள். புருஷன் சாவ் பாவ்லோ போய்த் திரும்பாத வீட்டில், அவள் வாய்விட்டுப் பேசுவதும் அவரோடுதான்.

ரெக்கார்டரை வீட்டுக்குத் தூக்கிவந்தாள். கதவைச் சாத்திவிட்டுக் கேசட்டைப் போட்டாள். பொத்தான் மேல் விரல் இருந்தது. அப்போதுதான் அந்த நினைப்பு வந்தது. வருவது என் குரலாகவே இருந்துவிட்டால்? தொண்டை கட்டிய தெலிசி, அவ்வளவுதான் என்றால், இத்தனை வருஷம் இந்த வீட்டில் யார் இருந்தார்கள்?

விரலை எடுத்துவிட்டுத் தாளை எடுத்தாள்.

"மெரில், உன் கடிதம் கிடைத்தது. கேசட்டை நான் கேட்கவில்லை, திருப்பி அனுப்புகிறேன். என்னைப் பெற்ற அம்மா, கோபம் வந்தால் மட்டும் மூன்று சொற்கள் சொல்வாள். அவற்றைக் கீழே எழுதியிருக்கிறேன். பாட்டோடு நீயே ஒத்துப்பார். பொருந்தினாலும் சரி, பொருந்தாவிட்டாலும் சரி, எனக்கு எழுதாதே. மற்றதை அவரிடமே கேட்டுக்கொள். ஜூலை இரண்டாம் தேதி திருவிழாவில் என் மேல் வருவார். உன்னை அவருக்குப் பிடிக்கும் என்று எல்லோரும் சொல்கிறார்கள். நான் இருக்க மாட்டேன்."

மறுநாள் ஆலைச் சங்குக்கு முன்பே தபால் நிலையத்துக்குப் போனாள். உறையின் வாயில் பசை தடவி, அது பிடிக்கும்வரை இரண்டு கட்டைவிரலாலும் அழுத்திக்கொண்டு நின்றாள். உள்ளேயிருந்த பெண் அதை வாங்கி, முத்திரை குத்தி, வெளிநாட்டுச் சாக்கில் போட்டாள்.