கம்பளத்து வாடை

என் தங்கச்சி ஷஹ்மாவின் வீட்டு ஹோலில் ஒரு கம்பளம் கிடக்கிறது. பாலாடை நிறம், விளிம்பெல்லாம் தங்கப் பூ, கால் வைத்தால் விரல் மறையும் அளவுக்குத் தடிப்பு. அவள் மாப்பிள்ளை ருஷ்தி கட்டாரை விட்டு வரும்போது கப்பலில் போட்டு அனுப்பியது. அது வந்து இறங்கிய நாளிலிருந்து அந்த வீட்டில் மனிதருக்கு இருந்த மரியாதை ஒரு படி இறங்கிவிட்டது. செருப்பை வெளியே விடு, காலைத் துடை, தேத்தண்ணியைக் குசினியில் குடித்துவிட்டு வா என்று வாசலிலேயே சட்டம் தொடங்கும். கம்பளத்துக்கு மேல் சுதந்திரமாக நடமாடிய ஒரே ஆள் லூலு. லூலு என்பது வெள்ளைப் பாரசீகப் பூனை. ஷஹ்மாவின் மகள் ஆஸிகா அழுது அடம்பிடித்து வாங்கியது.

ஷஹ்மாவின் வீடு என்று வாய்ப்பழக்கத்தில் சொல்கிறேன். அந்த வீட்டைக் கட்டியவர் எங்கள் வாப்பா, றவூப். கட்டுகஸ்தோட்டையில் சைக்கிள் சாமான் கடை வைத்து, எண்ணெய்க் கறுப்பு நகத்தை விட்டுப் போகாத கையோடு மடவளையில் வீடு கட்டினார். தங்கச்சியின் கலியாணத்துக்கு அதை அவள் பேரில் எழுதிக் கொடுத்தார். எங்கள் ஆட்களிடம் அது வழமைதான். மகளுக்கு வீடு, பெற்றவர்களுக்கு அந்த வீட்டில் ஓர் அறை. எனக்குக் கொடுத்த வீட்டை என் கணவர் விற்றுத் தொலைத்துவிட்டார், நாங்கள் இப்போது கட்டுகஸ்தோட்டையில் மூன்றாம் மாடியில் வாடகைக்கு இருக்கிறோம். வாப்பாவின் முழங்காலுக்கு அந்தப் படி ஏலாது. ஏலுமென்றால் அவரை என்னோடு வைத்திருப்பேன், இந்தக் கதையும் நடந்திருக்காது.

உம்மா மௌத்தான பிறகு வாப்பாவுக்கு இருந்தது பள்ளிவாசல் மட்டும்தான். ஐந்து வக்துத் தொழுகைக்கும் போவார். முதல் ஸப் வரிசையில், இமாமுக்கு வலப்பக்கம் நிற்பார். மழையென்றாலும் குடையோடு போய்விடுவார். ஒரு நாள் அவரைக் காணவில்லையென்றால் பள்ளியிலிருந்து ஆள் வந்து சுகம் விசாரிக்கும். அந்த வரிசையில் அவருக்கு ஒரு பெறுமதி இருந்தது. வீட்டில் அது இருந்ததாக நான் சொல்லமாட்டேன்.

வாடை வந்தது மழைக்காலத்தில். முதலில் ஈரச் சாக்கு மணம் என்றார்கள். பிறகு மூக்கைப் பிடுங்கியது. சந்தேகமில்லை, மூத்திர வாடை. ருஷ்தியின் கூடப்பிறந்த பெரிய ராத்தா ஒரு நாள் அக்குறணையிலிருந்து வந்து சோபாவில் உட்கார்ந்தவள், முந்தானையால் மூக்கைப் பொத்திக்கொண்டாள். பொத்திக்கொண்டு நேரே வாப்பாவைப் பார்த்தாள். பேசியிருந்தால் நான் பதில் சொல்லியிருப்பேன். அந்தப் பார்வைக்கு என்ன பதில் சொல்வது? அவள் போனதும் தங்கச்சி என்னைக் குசினிக்கு இழுத்துப் போனாள்.

"ராத்தா, வாப்பாக்கு அடக்க ஏலாமப் பெய்த்தீக்கி. சீனி வருத்தம் வேற. அவருக்கே வெளங்குதில்ல போல."

"நீ கண்டியா?"

"காணத்தான் வேணுமா? வீட்டுல வேற யாரு ஈக்கிற?"

வேறு யார் இருக்கிறார்கள் என்று எங்கள் யாருக்கும் தோன்றவில்லை. பூனையை நினைக்கவே இல்லை. வெளியாட்களுக்கு இது வேடிக்கையாக இருக்கலாம். எங்கள் வீடுகளில் பூனை சுத்தமான பிராணி. அது வாய் வைத்த தண்ணீரில் தொழுகைக்குக் கைகால் கழுவி வுளூ செய்யலாம் என்று சின்ன வயதில் எங்களுக்குச் சொல்லித் தந்தவரே வாப்பாதான். தொழுகைப் பாயில் பூனை படுத்திருந்தால் விரட்டாமல் பக்கத்தில் நின்று தொழுவார். பூனை சுத்தம் என்று கேட்டுக் கேட்டு, அதன் மூத்திரமும் நஜீஸான அசுத்தம்தான் என்பதை ஒரு குடும்பமே மறந்துவிட்டது. போதாததற்கு லூலு மண் தட்டில் போய்விட்டு மூடிவிட்டு வரும் என்று ஆஸிகா வருகிறவர்களிடமெல்லாம் பெருமை பேசுவாள். அந்தத் தட்டைக் கம்பளம் வந்த கையோடு மேல்மாடிக்கு மாற்றியதை யாரும் யோசிக்கவில்லை.

கம்பளம் கழுவ என்னையும் கூப்பிட்டார்கள். டெட்டோல் போட்டோம். தேசிக்காய் பிழிந்தோம். வினாகிரியை ஊற்றி அப்பச்சோடாவைத் தூவினோம், அது நுரைத்து அடங்கியது, வாடை அடங்கவில்லை. அதோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. அந்தக் கம்பளத்தில் பெண்கள் தொழுவார்கள், ஆகவே மணம் போனால் போதாது, மார்க்கச் சுத்தப்படி பாக்காகவும் வேண்டும் என்று ஷஹ்மா பிடித்த பிடியில் நின்றாள். மூன்று முறை தண்ணீர் ஓட வேண்டும். கம்பளத்தையோ நாலு பேர் சேர்ந்தாலும் தூக்க முடியாது. அதனால் ஹோலுக்குள்ளேயே வாளி வாளியாக ஊற்றினாள். ஒரு மூலையில் இருந்த மூத்திரம் தண்ணீரோடு அடிப்பஞ்சுக்குள் இறங்கி ஹோல் முழுக்கப் பரவியது. கண்டி மழையில் எது காயும்? காற்றாடி போட்டும் காயவில்லை. பிறகு சாம்பிராணி பிடித்தார்கள், அத்தர் தெளித்தார்கள். கந்தூரி வீடும் கக்கூசும் ஒன்றாகச் சேர்ந்த ஒரு மணம் வந்தது. ருஷ்தி வாசலில் நின்று முகத்தைச் சுளித்தார். வாப்பா அறைக் கதவோரம் நின்று நாங்கள் படும் பாட்டைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"எனக்குத் தெரியாமப் போயீக்கும் மகள்," என்றார் என்னிடம். "வயசாகினா அப்பிடித்தான். மிச்சம் கஷ்டம் குடுக்கிறன் ஒங்கள் எல்லாருக்கும்."

அடுத்த கிழமை ஷஹ்மா பம்பர்ஸ் வாங்கி வந்தாள். பெரியவர்களுக்கு உள்ளது. கட்டிவிட்டது ருஷ்தி. வாப்பாவின் கதிரை பின்விறாந்தையில், வாஷிங் மெஷினுக்குப் பக்கத்தில் போடப்பட்டது. சாப்பாடும் அங்கேயே போனது. காற்றோட்டமான இடம் என்று தங்கச்சி காரணம் சொன்னாள். அவ்வளவு நல்ல காற்றென்றால் சோபாவைத் தூக்கி அங்கே போட்டிருக்கலாமே.

அவமானங்களை வாப்பா விழுங்கிவிட்டார். அவர் விழுங்கமுடியாதது ஒன்று இருந்தது. பம்பர்ஸ் கட்டிய நாளிலிருந்து அவர் பள்ளிக்குப் போகவில்லை. விசாரிக்க வந்தவர்களிடம் கால் வலி என்று பொய் சொன்னார். வாப்பா பொய் சொல்லி அதற்கு முன் நான் கேட்டதில்லை. மௌலவியிடம் நானே போய்க் கேட்டேன். நோய் வருத்தக்காரருக்குச் சலுகை இருக்கிறது, ஒவ்வொரு வக்துக்கும் புதிதாக வுளூ செய்துகொண்டு தொழலாம், கட்டாயம் வரச் சொல்லுங்கள் என்றார். ஓடிவந்து வாப்பாவிடம் சொன்னேன்.

"என்ட தொழுகைக்குச் சரி மகள். பள்ளிக் காபட் நனைஞ்சா? ஊர் முழுக்க அதிலதானே நெத்திய வச்சு சுஜூது செய்யிற."

ஷஹ்மாவைத் தனியாகப் பிடித்து, காலையில் பம்பர்ஸ் நனைந்துதான் இருக்கிறதா என்று கேட்டேன்.

"இல்ல, காஞ்சுதான் ஈக்கி."

"பின்ன?"

"கழட்டிட்டுப் போறார் போல."

அந்தப் பதிலை நான் இன்றைக்கும் நினைத்துப் பார்ப்பேன். நனைந்திருந்தால் அவர் குற்றவாளி. காய்ந்திருந்தால் அவர் கள்ளக் குற்றவாளி. தகப்பனைப் பிடிக்க வேண்டுமென்று முடிவு கட்டிவிட்டால் வழிக்கா பஞ்சம்.

அந்த மாதக் கடைசியில் வாப்பா பின்விறாந்தையில் மயங்கி விழுந்தார். கண்டி ஆஸ்பத்திரியில் சேர்த்தோம். உடம்பில் தண்ணீரே இல்லை, சிறுநீரகம் இரண்டும் களைத்துப்போயிருக்கிறது, இந்த மனிதர் எத்தனை நாளாகத் தண்ணீர் குடிக்கவில்லை என்று டொக்டர் கேட்டார். ஷஹ்மா என்னைப் பார்த்தாள், நான் வாப்பாவைப் பார்த்தேன். சேலைன் ஏறும் கையைத் தூக்கமுடியாமல் கிடந்தவர் மெல்லச் சொன்னார்.

"குடிச்சாத்தானே போகும்."

ஆஸ்பத்திரி வாட்டில் வாப்பா கிடந்த அந்த நாட்களில்தான் ஒரு பின்னேரம் அவருக்கு உடுக்கச் சாரன் எடுக்க மடவளைக்குப் போனேன். ஷஹ்மா குசினியில் இருந்தாள். ஹோலில் கால் வைத்ததும் வாடை. பழைய வாடை இல்லை, புதிது, கண் எரியும் வாடை. குனிந்து தொட்டேன். ஈரம், இளஞ்சூடு. வாப்பா இங்கே இல்லை. அவர் படுத்திருப்பது பதினைந்தாம் வாட்டில். சோபாவுக்குப் பின்னால் எட்டிப் பார்த்தேன். லூலு கம்பளத்தை இரண்டு தடவை பிறாண்டிவிட்டு, பின்பக்கத்தைத் தாழ்த்தி, என் முகத்தைப் பார்த்துக்கொண்டே மிச்சத்தையும் விட்டது.

போய்த் தங்கச்சியின் கையைப் பிடித்து இழுத்து வந்து காட்டினேன். அவள் வாயில் கையை வைத்தாள். எனக்கு உள்ளுக்குள் ஒரு ஆசை, இப்போது அழுவாள், வாப்பாவிடம் ஓடுவாள் என்று. அவள் சிரித்துவிட்டாள்.

"அல்லாஹ், லூலுவா? அட கள்ளி."

ஆஸிகா ஓடிவந்து பூனையைத் தூக்கி நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள். ருஷ்தி அன்றைக்கே அதைக் கூடையில் வைத்து மிருக வைத்தியரிடம் கொண்டுபோனார். பூனைக்கு மூத்திரக் குழாயில் வருத்தமாம். தட்டு தூரத்தில் இருந்ததால் போய்ச்சேர ஏலாமல் இருந்திருக்கிறதாம். பாவம், அது வேண்டுமென்று செய்யவில்லை, வாய் திறந்து சொல்லத் தெரியாதே என்றார்கள் எல்லோரும். மண் தட்டு மேல்மாடியிலிருந்து ஹோலுக்கே வந்தது. லூலு நிறையத் தண்ணீர் குடிக்க வேண்டும் என்று வைத்தியர் சொல்லியிருந்ததால் ஷஹ்மா வீட்டில் மூன்று இடத்தில் கிண்ணம் வைத்தாள். குடிக்கிறதா என்று நாளுக்குப் பலமுறை எட்டிப் பார்த்தாள். அவளைக் கண்ணால் பார்க்க எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

"வாப்பாட்ட விசயத்தச் செல்லுறல்லயா?" என்று கேட்டேன்.

"வீட்டுக்கு வந்ததும் செல்லுவம் ராத்தா. சந்தோசப்படுவார்."

அவள் வாயால் கேட்டால்தான் அவருக்கு மனம் ஆறும் என்று நானும் வாட்டில் சொல்லாமல் இருந்துவிட்டேன்.

கம்பளத்துக்கு வைத்தியர் ஒரு போத்தல் மருந்து கொடுத்திருந்தார். பூனை மூத்திரத்துக்கென்றே உள்ளதாம். தண்ணீர் கலக்காமல் அடிப்பஞ்சு வரை இறங்க ஊற்றி, ஈரத்துணியால் மூடி, நன்றாக ஊறவைத்து, பிறகு ஒற்றி எடுக்க வேண்டும். அவ்வளவுதான். மழையும் விட்டிருந்தது. கதவு ஜன்னலைத் திறந்து வைத்ததில் நன்றாகக் காய்ந்தது. வாடை போனது போனதுதான். முகத்தைக் கம்பளத்தில் வைத்து நானே முகர்ந்து பார்த்தேன். புதுத்துணி மணம் மட்டும் இருந்தது.

ஆஸ்பத்திரியில் வாப்பாவைத் துண்டு வெட்டி வீட்டுக்கு அனுப்பிய அன்று ஆட்டோவில் நான்தான் கூட்டி வந்தேன். பாதி உடம்பாகிவிட்டார். வாசலில் ஷஹ்மா சிரித்த முகத்தோடு நின்றாள். வாப்பா நிலைப்படியைப் பிடித்துக்கொண்டு நின்றார். உள்ளே வரவில்லை. மூச்சை இழுத்துப் பார்த்தார்.

"வாடை இல்ல," என்றார்.

"இல்ல வாப்பா. அது நீங்க இல்ல. லூலுதான் இவ்வளவு நாளும். நான் என்ட கண்ணால கண்டேன்," என்றேன்.

"ஓ வாப்பா, லூலுதான்," என்றாள் ஷஹ்மா. "நாங்க வெளங்காம ஈந்திட்டம். இப்ப எல்லாம் சரி. உள்ளுக்கு வாங்க."

வாப்பா எங்கள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். சின்ன வயதில் ஏதாவது உடைத்துவிட்டு நாங்கள் சேர்ந்து பொய் சொன்னால் இப்படித்தான் பார்ப்பார். கோபமே இருக்காது.

"ரெண்டு பேரும் பேசி வச்சீக்கிறீங்க," என்றார். "நல்ல புள்ளைகள்."

"இல்ல வாப்பா, சத்தியமா." அவர் கையைப் பிடித்துக்கொண்டேன். "பூனைக்கு மருந்தும் எடுத்தீக்கி. கேட்டுப் பாருங்க."

"நான் இங்க ஈக்கும் மட்டும் வாடை ஈந்திச்சு. நான் ஆஸ்பத்திரிக்குப் போனேன், வாடையும் பெய்த்து. இதுக்கு மேல எனத்த அத்தாட்சி மகள்? என்னத் தேத்துறதுக்காக வாயில்லாத சீவன்ல பழி போடாதீங்க. அதுக்கு அல்லாஹ்ட்ட பதில் செல்லோணும்."

ஷஹ்மாவின் சிரிப்பு அப்போதுதான் நின்றது. நம்ப வைக்கக்கூடிய நாட்களில் அவள் பூனைக்குக் கிண்ணம் வைத்துக்கொண்டிருந்தாள்.

வாப்பா ஒரு காலைக்கூட உள்ளே எடுத்து வைக்கவில்லை. தயங்கித் தயங்கி, தங்கச்சிக்குக் கேட்டுவிடக்கூடாது என்பதுபோல என் காதருகே குனிந்தார்.

"ருஷ்தியக் கூப்பிடுங்க மகள். இங்கேயே வச்சுப் பம்பர்ஸ் ஒண்டு கட்டிவிடச் செல்லுங்க. காபட்டத் தாண்டித்தானே அறைக்குப் போகோணும்."